உப்பும் முட்டையும் சேர்ந்த நிலா

கீழே விழ வேண்டியதெல்லாம் மேலே போன கதை இது. மேலே போனதில் யார் பங்கு எவ்வளவு என்று கீழே இருந்தவர்கள் அடித்துக்கொண்ட கதையும் இதுதான்.

நாமக்கல் பக்கம் மொட்டப்பாறைப் பிரிவு என்று ஓர் ஊர். நெடுஞ்சாலையிலிருந்து ஊர்ச்சாலை பிரிகிற முக்கில், வெட்டவெளியில், முனியப்பன் அரிவாளோடு உட்கார்ந்திருப்பார். வைகாசியில் ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தரை மணிக்கு, அவர் கண்ணெதிரே, கோழிப்பண்ணையிலிருந்து முட்டை ஏற்றிக்கொண்டு வந்த ராக்கியண்ணனின் வேனும், தெற்கேயிருந்து உப்பு ஏற்றிக்கொண்டு வந்த ஒரு லாரியும் மூஞ்சியோடு மூஞ்சி முட்டிக்கொண்டன. முட்டிய வேகத்தில் இரண்டும் உருகி ஒன்றாகி, கனத்த இரும்பெல்லாம் தார்ச்சாலையை ஓட்டை போட்டுக்கொண்டு பூமிக்குள் இறங்கிவிட, லேசானதெல்லாம், உப்பும் முட்டையும் கண்ணாடித் தூளும் டயரும் ஒற்றைச் செருப்பும், அவற்றோடு அந்த இரண்டு டிரைவர்களும், ஆகாயத்துக்குப் போய்ச் சேர்ந்தது. போனது திரும்பி வரவில்லை.

பொழுது சாய்வதற்குள் அத்தனையும் ஊரைச் சுற்றி ஒரு வெள்ளை வளையமாக ஓட ஆரம்பித்தது. ஐந்து நாள் வளையமாக ஓடி, ஒன்றையொன்று இழுத்து, ஒட்டி, உருண்டு, ஆறாம் நாள் காலையில் மொட்டைமாடித் தண்ணீர் டேங்க் அளவுக்கு ஓர் உருண்டையாகி, முதலில் கொல்லன் உலைபோலச் சிவந்திருந்து, பிறகு ஆறி வெளுத்தது. பால் வண்டி வரும்போது ஒரு சுற்று, உச்சிப்பொழுதில் ஒரு சுற்று, விளக்கு வைக்கிற நேரத்தில் ஒரு சுற்று என்று தினம் மூன்று தடவை ஊரின் தலைக்கு மேலே போய் வந்தது.

முதல் இரண்டு நாளும் ஊருக்குப் பேயறைந்த மாதிரிதான். ஒரு வீட்டிலும் அடுப்பு புகையவில்லை. பேச ஆரம்பித்தவர்கள் பாதிப் பேச்சில் அண்ணாந்து நின்றுவிட்டார்கள். ஆனால் மூன்றாம் நாள் எருமைக்கு மடி கட்டிக்கொண்டது, கறக்காமல் முடியுமா? கோழிக்குத் தீவனம் போடாமல் முடியுமா? ஆகாயத்தில் என்ன ஓடினாலும் கோழி காலையில் முட்டை போட்டுவிடுகிறதே, அதை யார் பொறுக்குவது? இப்படி ஒவ்வொருவராகத் தலையைக் கீழே இறக்கினார்கள், இறக்கினதும் அவரவர் வேலை அவரவரைப் பிடித்துக்கொண்டது. போலீஸ்காரர் வந்து, மோதிய வாகனங்களைக் காட்டு என்றார், மேலே காட்டினார்கள். குழிக்குள் எட்டிப் பார்த்தார்; இரண்டு எஞ்சினும் பிசைந்த களி மாதிரி ஒரே கட்டியாகக் கிடந்தது, எது வேன், எது லாரி என்று பெற்ற தகப்பனுக்கும் தெரியாது. அவர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்து, 'வாகனங்கள் தற்போது சுற்றிக்கொண்டிருக்கின்றன' என்று எழுதிக்கொண்டு போனார்.

உச்சிப்பொழுதுச் சுற்றில் உருண்டையிலிருந்து உப்பு சன்னமாகத் தூறும். பத்தாம் நாளுக்குள் ஊர்ப் பெண்கள் அந்த நேரம் பார்த்துக் குழம்புச் சட்டியை முற்றத்தில் மூடி போடாமல் வைக்கப் பழகிவிட்டார்கள். "அளவா விழுகுதுங்க்கா, நாம போட்டாக்கூட இத்தனை பதமா வராது" என்று ஒருத்திக்கொருத்தி சொல்லிக்கொண்டார்கள். இதைக் கேட்டதும் சம்பூர்ணம் தன் சட்டியை இறுக்கி மூடினாள். உருண்டை ஓடுவதைப் பார்த்து அவள் அதிர்ந்ததைவிட, அதன் கீழே சட்டி வைக்கிறார்களே என்றுதான் அதிர்ந்துபோனாள்.

சம்பூர்ணம் ராக்கியண்ணனின் மனைவி. பண்ணையில் அட்டைக்கு முப்பது என்று முட்டை அடுக்குகிறவள். அவள் அடுக்குவதை அவன் ஏற்றிக்கொண்டு போவான். இருபத்திரண்டு வருஷ வாழ்க்கையில் அவர்களுக்குள் பிள்ளை இல்லை என்கிற குறையைத் தவிர வேறு குறை இல்லை. அந்தச் செவ்வாய்க்கிழமை காலை அவன் சோற்றுத் தூக்கை மறந்துவிட்டுப் போனான் என்று அவள் அதை எடுத்துக்கொண்டு முக்குக்கு வந்து, முனியப்பன் கோயில் பக்கம், சாலை ஓரத்தில் நின்றிருந்தாள். டீக்கடை சந்துக்குள் இருந்ததால் மற்றவர்கள் சத்தத்தை மட்டும் கேட்டார்கள். கண்ணால் பார்த்தவள் அவள் ஒருத்திதான். பார்த்தவள் வாய் திறக்கவில்லை. அன்றிலிருந்து தினமும் சமைப்பாள், சட்டியை மூடியே வைப்பாள், உப்புப் போட மாட்டாள், தூக்கில் போட்டுக்கொண்டு முக்கில் போய் நிற்பாள், நின்றுவிட்டு வந்து சோற்றை மாட்டுக்குக் கொட்டுவாள். அவள் வாயில் ஒரு பருக்கை போவதை யாரும் பார்க்கவில்லை. நீராகாரத்தில் உயிர் ஓடிக்கொண்டிருந்தது.

அவளுக்கு என்ன ஆகவேண்டும் என்பதில் உறவுமுறைக்குள்ளேயே குழப்பம். அந்தப் பக்கத்து வழக்கப்படி, எரித்த பிறகு செத்தவர் பேரில் வாசலில் ஒரு கல் நட்டு, அதற்குத் தினம் தண்ணீர் ஊற்றி, கருமாதி அன்றைக்குப் பிடுங்கிக் காவேரியில் விட்டால்தான் போன உயிர் போய்ச் சேரும், இருக்கிற பெண்டாட்டி சுமங்கலியா விதவையா என்று முடிவாகும். ராக்கியண்ணனின் அண்ணன் அத்தப்பன் ஊரில் பெரிய மனுஷன். அவர் கையை விரித்துவிட்டார்.

"எரிக்காம எப்படி அம்மணி கல்லு நடறது? ஆளு மேல சுத்தீட்டு இருக்கறான். போனவன்னு சொல்லலாமா, இருக்கறவன்னு சொல்லலாமா? பொட்டு அழிக்கச் சொன்னாலும் பாவம், வெச்சுக்கச் சொன்னாலும் பாவம்."

"அப்ப நான் ஆருங் மாமா?" என்று கேட்டாள் சம்பூர்ணம். அத்தப்பன் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்து போய்விட்டார்.

உருண்டை எப்படி வந்தது என்பதில் டீக்கடை மூன்றாகப் பிரிந்தது. கடைக்காரப் பொன்னான், அது எங்கிருந்தோ தனியாக வந்துகொண்டிருந்த உருண்டை, மோதல் சத்தத்தைக் கேட்டு எட்டிப் பார்க்க வந்து ஊரின் பிடியில் மாட்டிக்கொண்டது என்றான். வந்த விருந்தாளி தங்கிவிட்ட மாதிரி. இன்னொரு கூட்டம், ஊரே அன்றைக்கு ஒரு சுழல் சுழன்றது, சுழன்ற வேகத்தில் சிதறிப் போனதுதான் அது என்றது. அன்றைக்குத் தலை சுற்றியதாக நாலு பேர் சாட்சியும் சொன்னார்கள். மூன்றாவது கூட்டத்துக்கு அபிப்பிராயம் இல்லை, டீ மட்டும் வேண்டும்.

இந்தச் சமயத்தில்தான் சேலத்துக் கல்லூரி ஒன்றில் கல்லையும் மண்ணையும் பாடம் நடத்துகிற கோகிலவாணி, ஸ்கூட்டரில் ஒரு சுத்தியலும் பையுமாக வந்து இறங்கினாள். அண்ணாந்து பார்த்தாள். குழியைப் பார்த்தாள். பிறகு டீக்கடை பெஞ்சில் தொப்பென்று உட்கார்ந்து, "நிலா வந்ததே இப்படித்தாங்க" என்றாள்.

நீங்கள் சொன்ன மாதிரியே படித்தவர்களும் முன்னால் சொன்னார்கள், வழியில் போன நிலாவைப் பூமி பிடித்து வைத்தது என்று ஒரு கட்சி, பூமி சுழன்று தன்னிலிருந்து பிய்த்து எறிந்தது என்று ஒரு கட்சி, என்று சொன்னாள். பொன்னானுக்கு அதில் பெருமை தாங்கவில்லை. ஆனால் நிலாவிலிருந்து எடுத்து வந்த கல்லைச் சோதித்த பிறகு பலரும் வேறு மாதிரி சொல்கிறார்கள், நானூற்று ஐம்பது கோடி வருஷத்துக்கு முன்னால் செவ்வாய் அளவுக்கு ஒரு கிரகம் வந்து பூமி மேல் மோதியது, மோதிய சூட்டில் இரண்டும் உருகின, கனமான இரும்பு பூமியின் வயிற்றுக்குள் இறங்கிக்கொண்டது, லேசானது மேலே தெறித்து வளையமாகச் சுற்றி உருண்டு நிலா ஆனது என்றாள்.

"அப்பப் பூமிக்கே ஆக்சிடெண்டா?" என்றார் அத்தப்பன்.

"ஆமாங்க. அது நடக்கலைன்னா நிலாவே இல்லீங்க."

"மோதுன கிரகம் என்னாச்சு?"

"அது தனியா எங்கயும் இல்லீங்க. நிலாக்குள்ளயும் பூமிக்குள்ளயும் கலந்து கெடக்குது. ஒவ்வொரு கல்லுக்கும் கைரேகை மாதிரி ஒன்னு இருக்குங்க. பூமிக் கல்லுக்கும் நிலாக் கல்லுக்கும் அது ஒரே மாதிரி இருக்குது. மோதுனது எது, மோதப்பட்டது எதுன்னு பிரிக்கவே முடியல."

கேட்டுக்கொண்டு ஓரமாக நின்ற சம்பூர்ணம் தூக்கை மார்போடு அணைத்துக்கொண்டு, "லேசானதுதான் மேல போகுமுன்னீங்க. என்ற ஊட்டுக்காரர் லேசுங்களா?" என்று கேட்டாள். கோகிலவாணி சுத்தியலை எடுத்துப் பைக்குள் போட்டுக்கொண்டாள். கிளம்பும்போது அவளைத் தனியாகக் கூப்பிட்டு, நிலா வருஷத்துக்கு நகம் வளர்கிற அளவு பூமியை விட்டு விலகிப் போகிறது, உங்கள் உருண்டை சின்னது, வேகமாகப் போகும், கவனித்துப் பாருங்கள் என்று சொல்லிவிட்டுப் போனாள்.

சம்பூர்ணம் கவனித்திருந்தாள். முருங்கைக்காய் பறிக்க ராக்கியண்ணன் செய்து வைத்த தொரட்டிக்கோலை மொட்டைமாடியில் நின்று தூக்கினால், ஆறாம் நாள் அது உருண்டையில் இடித்து உப்பு உதிர்ந்தது. பத்தாம் நாள் உரசியது. பதினாலாம் நாள் நான்கு விரல் எட்டவில்லை. ஒரு துண்டு, ஒரே ஒரு துண்டு கையில் கிடைத்தால் அதையே கல்லாக நட்டுவிடலாம், அவரை அனுப்பிவிடலாம், தானும் யாரென்று தெரிந்துகொள்ளலாம். நாள் தள்ளினால் அதுவும் போச்சு.

ஊருக்கு அந்தக் கவலை இல்லை. ஊர் உருண்டைக்குப் பேர் வைத்துவிட்டது: ராக்கியண்ண சாமி. 'குடிகார லாரி மோதியும் சாகாத எங்கள் ராக்கியண்ணன்' என்று முக்கில் பெரிய பிளெக்ஸ் கட்டி, பதினாறாம் நாள் உச்சிப்பொழுதுக்குப் பொங்கல் வைப்பதாக முடிவும் ஆனது. லாரிக்காரன் குடித்திருந்தானா என்று யாரும் விசாரிக்கவில்லை. வெளியூர்க்காரன், செத்துப்போனவன், பதில் சொல்ல வர மாட்டான். பழி போட அதைவிடத் தோதான தோள் கிடைக்குமா?

ஆனால் பதில் சொல்ல ஒருத்தி வந்திருந்தாள். அவள் பேர் ஜெபசீலி, லாரி ஓட்டிய சாமுவேலின் மனைவி, உடன்குடிப் பக்கத்துப் பனையேறி வீட்டுப் பெண். எட்டாம் நாளே வந்துவிட்டாள். மூன்று தடவை முக்குக்கு வந்தாள், மூன்று தடவையும், கொலைகாரன் பெண்டாட்டிக்கு இங்கே என்ன வேலை என்று விரட்டினார்கள். அவள் ஊர் எல்லையிலிருந்த பஸ் நிழற்குடையில் துணிப்பையோடு உட்கார்ந்து, தினமும் மூன்று வேளையும் எழுந்து நின்று, முக்காட்டைப் போட்டுக்கொண்டு, தலைக்கு மேலே போவதைப் பார்த்து ஜெபம் பண்ணிவிட்டு உட்கார்ந்துகொண்டாள். "நான் ஒண்ணும் சண்டைக்கு வரல. ஒரு எலும்பு கிடைச்சாக்கூடக் கொண்டுபோயி எங்க கல்லறையில வச்சிருதேன்" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தாள்.

சம்பூர்ணம் தினமும் தூக்கோடு போகும்போது அந்த நிழற்குடையைத் தூரத்திலிருந்து பார்ப்பாள். பார்த்ததும் தூக்கை முந்தானைக்குள் மறைத்துக்கொள்வாள். திரும்பிவிடுவாள்.

பதினாறாம் நாள் வந்தது. முக்கிலிருந்து சம்பூர்ணத்தின் வீடு வரைக்கும் தோரணம். மேளம் வந்தாயிற்று, வாசலில் மூன்று பானை பொங்கிக்கொண்டிருந்தது. உருண்டை வீட்டுக்கு நேர்மேலே வருவதால் மொட்டைமாடியில் நின்று முதல் கற்பூரம் காட்டவேண்டியது சம்பூர்ணம். அத்தப்பன் தட்டை நீட்டியபோது அவளைக் காணோம். தேடிக்கொண்டு ஆள் கிளம்புவதற்குள் அவளே வந்தாள், ஒரு கையில் சோற்றுத் தூக்கும் மறு கையில் ஜெபசீலியின் கையுமாக, கூட்டத்தைப் பிளந்துகொண்டு.

மேளம் நின்றது. "ஏம்புள்ள, புத்தி கெட்டுப்போச்சா உனக்கு?" என்றார் அத்தப்பன்.

"எனக்கு இன்னிக்குத்தானுங் மாமா புத்தி வந்திருக்குது" என்று சொல்லிவிட்டுச் சம்பூர்ணம் படியேறினாள். மொட்டைமாடி விளிம்பில் நின்றாள். ஊரே அண்ணாந்து பார்த்தது; ஆகாயத்தைப் பார்த்துப் பழகிய கழுத்து.

"எல்லாரும் கேட்டுக்குங்க. லாரி வந்து மோதல. எங்க வண்டிதான் போயி மோதுச்சு. நான் பார்த்தேன்."

கீழே கூட்டம் சுவரோரமாக நெருங்கி வந்தது.

இதில் ஒரு விஷயம் உண்டு. மொட்டப்பாறைப் பிரிவு டிரைவர்கள் முனியப்பனைத் தாண்டும்போது ஸ்டீரிங்கை விட்டுவிட்டு இரண்டு கையையும் எடுத்துக் கும்பிடுவார்கள். தகப்பன் காலத்திலிருந்து அப்படித்தான். ஒரு கையால் கும்பிடுவது சாமிக்குச் செய்கிற மரியாதையில்லை என்பார்கள். அந்த நேரம் வண்டியை முனியப்பன் பிடித்துக்கொள்வார் என்பார்கள். ராக்கியண்ணன் மட்டும் பயந்தவன். ஒரு கையை ஸ்டீரிங்கில் வைத்துக்கொண்டு ஒரு கையால் கன்னத்தில் போட்டுக்கொள்வான். போன மாசியில் அவன் வண்டிக்கு அடுத்தடுத்து மூன்று பஞ்சர் ஆனது.

"நாந்தான் சண்டை போட்டேன்" என்றாள் சம்பூர்ணம். "ஒத்தைக் கையில கும்புட்டா சாமி ஏத்துக்குமா, அதான் இப்படி ஆவுதுன்னு நாந்தான் ஏசினேன். வண்டி வலப்பக்கமா இழுக்குதுடி, கைய விட முடியாதுன்னாரு. நான் கேக்கல. அன்னிக்கு ரெண்டு கையும் தூக்கிக் கும்புட்டாரு. வண்டி இழுத்துட்டுப் போச்சு. இந்தப் புள்ளையோட ஊட்டுக்காரர் குடிக்கவும் இல்ல, தூங்கவும் இல்ல. அவரு பாதையில அவரு வந்தாரு."

கூட்டத்திலிருந்த டிரைவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு, தங்கள் கைகளைப் பார்த்தார்கள். பொங்கல் பானை ஒன்று அடிப்பிடித்துத் தீய்ந்த வாசம் வந்தது, யாரும் அதைக் கிளறப் போகவில்லை. அத்தப்பன் கையிலிருந்த கற்பூரத் தட்டு நழுவி விழுந்தது. மோதல் சத்தம் மறுபடி கேட்ட மாதிரி எல்லோரும் திடுக்கிட்டார்கள்.

உருண்டை வந்துகொண்டிருந்தது. சம்பூர்ணம் தொரட்டிக்கோலைத் தூக்கினாள். நுனிக் காலில் நின்றாள். ஆறு விரல் எட்டவில்லை. பக்கத்தில் கல்லாய் நின்ற ஜெபசீலியைப் பார்த்து அழுதாள். "எட்ட மாட்டீங்குதே கண்ணு, எட்ட மாட்டீங்குதே!"

ஜெபசீலி அப்போதுதான் அசைந்தாள். அவள் முகத்தில் கோபமா துக்கமா என்று சொல்ல முடியாத ஒன்று இருந்தது. சேலையை இழுத்துச் செருகினாள். "குனியி" என்றாள். சம்பூர்ணம் குனிந்தாள். பனையேறி வீட்டுப் பெண் அவள் முதுகில் கால் வைத்து, தோளில் ஏறி நின்று, "நிமிருக்கா, மெதுவா நிமிரு" என்று சொல்லித் தொரட்டியை வாங்கி, தலைக்கு மேலே போகிற உருண்டையின் வயிற்றில் மாட்டி ஒரே இழுப்பாக இழுத்தாள். இளநீர் அளவுக்கு ஒரு துண்டு பெயர்ந்து இருவர் மேலும் விழ, இருவரும் சேர்ந்து மாடியில் விழுந்தார்கள். உருண்டை தன் பாட்டுக்குப் போயிற்று.

துண்டை அம்மிக்குழவியால் இரண்டாக உடைத்தார்கள். உள்ளே வெளியே எல்லாம் ஒரே வெள்ளை. கோகிலவாணி சொன்னது சரிதான், இது இவர், இது அவர் என்று காட்ட ஒரு கோடுகூட இல்லை. எது யாருக்கு என்று பேசாமல் ஆளுக்கொரு பாதியை மடியில் வைத்துக்கொண்டார்கள். கீழே கூட்டம் சத்தமில்லாமல் கலைந்தது. யாரோ பிளெக்ஸை அவிழ்க்கிற சத்தம் மட்டும் கேட்டது.

பொழுது இறங்கும்வரை இரண்டு பேரும் மாடியிலேயே உட்கார்ந்திருந்தார்கள். ஜெபசீலி, "கடைசியா எங்க வீட்டாளு முகத்தப் பாத்தியாக்கா?" என்று கேட்டாள்.

சம்பூர்ணம் ஊருக்குச் சொன்னது பாதிதான். மீதிப் பாதிதான் பதினாறு நாளாக அவள் வாயில் சோற்றை இறங்கவிடாமல் அடைத்துக்கொண்டிருந்தது.

"பார்த்தேன். எங்க வண்டி குறுக்க வர்றத அவரு பார்த்துட்டாரு. இடது பக்கம் ஒடிச்சிருந்தா வெறுங்காடு, தப்பிச்சிருப்பாரு. ஒடிக்கத்தான் பார்த்தாரு. அந்த எடத்துல நான் நின்னேன், தூக்கோட." அவள் மூச்சு வாங்கினாள். "என்னப் பார்த்தாரு. ஒடிச்ச ஸ்டீரிங்கத் திரும்ப நேரா வெச்சுட்டாரு."

கிழக்கே உருண்டை மூன்றாம் சுற்றுக்கு ஏறிக்கொண்டிருந்தது. ஜெபசீலி கை நீட்டினாள். அடிக்கத்தான் போகிறாள் என்று சம்பூர்ணம் கன்னத்தைக் காட்டினாள். ஜெபசீலி பக்கத்திலிருந்த தூக்கை எடுத்து, மூடியைத் திறந்து, சோற்றைக் கையால் பிசைந்தாள். உருண்டை தலைக்கு மேலே வந்தது. உச்சிப்பொழுதில் மட்டுமே தூறுகிற உப்பு, துண்டு பெயர்ந்த இடத்திலிருந்து அந்த நேரத்தில் உதிர்ந்து, சோற்றின் மேல் விழுந்தது.

"சோத்த மாட்டுக்குக் கொட்டுதியாமே, ஊருல சொல்லுதாவ" என்றாள் ஜெபசீலி, பிடித்த சோற்று உருண்டையை அவள் வாய்க்கு நேரே நீட்டி. "ஒன்கிட்ட இருக்கது எங்க வீட்டாளு விட்டுட்டுப் போன உசுரு. அதப் பட்டினி போட ஒனக்கு என்ன உரிமை இருக்கு? தின்னு."

சம்பூர்ணம் வாயைத் திறந்தாள்.